"என் பழைய கலர் வந்தா போதும் மேடம்"

1/
"வெள்ளையாகணும்னு ஆசை இல்ல மேடம். என் பழைய கலர் திரும்ப வந்தா போதும்."

தோல் நோய் ஓ.பி.யில் உட்காரும் எல்லா மருத்துவர்களுக்கும் பழக்கமான வரி இது. சொல்றவங்க மாறுவாங்க, வரி மாறாது. இன்னைக்கு அதைப் பற்றி ஒரு நீண்ட இழை. கொஞ்சம் பொறுமையா படிங்க.

2/
அந்தப் பெண்ணுக்கு 26 வயசு. ஜவுளிக்கடையில் பில் போடும் வேலை. (யார்னு தெரியக்கூடாது என்பதற்காகச் சில விவரங்களை மாற்றியிருக்கிறேன்.)

சித்திரை வெயிலில் மாஸ்க், அதுக்கு மேல துப்பட்டா சுத்திக்கிட்டு அம்மாவோட வந்தாங்க. துப்பட்டாவை எடுத்ததும் பார்த்தேன். ரெண்டு கன்னமும் சிவந்து, மெல்லிய ரத்தக்குழாய்கள் கோடு கோடா தெரியுது. நெற்றி முழுக்க பருக்கள். தாடை ஓரத்தில் பூனைமுடி அடர்ந்திருக்கு. வெயிலில் நின்னா எரியுது, அடுப்புப் பக்கம் போனா எரியுது, பச்சைத் தண்ணி பட்டாலும் எரியுது.

3/
"முகத்துக்கு என்னம்மா போட்டீங்க?"

"ஒண்ணும் போடல மேடம், சாதாரண ஃபேஸ் கிரீம்தான்."

கைப்பையைத் திறந்து காட்டினாங்க. உள்ளே ஒரு டியூப் பாதி தீர்ந்து கிடக்கு, இன்னொண்ணு பிரிக்காம இருக்கு. திருப்பிப் படிச்சேன்: ஹைட்ரோகுவினோன், ட்ரெட்டினாயின், மொமெட்டாசோன். இதுல மொமெட்டாசோன் ஒரு ஸ்டீராய்டு. இது ஃபேஸ் கிரீம் இல்லை, மருந்து. மங்குக்குச் சில வாரங்கள் மட்டும், மருத்துவர் மேற்பார்வையில் போட வேண்டியது.

அவங்க 4 வருஷமா போட்டிருக்காங்க. ஒரு ராத்திரி தவறாம.

4/
ஆரம்பம் ரொம்பச் சின்னது. அக்கா கல்யாணத்துக்கு ரெண்டு மாசம் இருக்கு. பக்கத்து வீட்டு அக்காவுக்கு மங்குக்காக ஒரு டாக்டர் எழுதிக் கொடுத்த கிரீம். "எனக்கு நல்லா வெளுத்துச்சுடி, நீயும் போட்டுப் பாரு."

சீட்டை போனில் படம் எடுத்து மெடிக்கலில் காட்டி வாங்கிட்டாங்க. அடுத்த தடவை சீட்டும் தேவைப்படல, பேரைச் சொன்னாலே போதும்.

5/
"கல்யாணத்துல எல்லாரும் வந்து என்கிட்ட பேசினாங்க மேடம். 'அட, இவளா இது'ன்னாங்க. எங்க அத்தை கையைப் பிடிச்சு இழுத்து முன்வரிசையில நிக்க வச்சு போட்டோ எடுத்தாங்க. அதுவரைக்கும் எந்தக் கல்யாண போட்டோலயும் நான் ஓரத்துலதான் நிப்பேன்."

இந்த இடத்தைக் கவனிங்க. அந்த கிரீம் முதல் சில வாரங்களில் அவங்களை ஏமாத்தல. கேட்டதைக் கொடுத்துச்சு. அதனாலதான் விட முடியல.

6/
எப்படிக் கொடுத்துச்சு?

ஸ்டீராய்டு கிரீம் தோலில் உள்ள சின்ன ரத்தக்குழாய்களைச் சுருக்கும், தோல் வெளிறிப் போகும். மெலனின் நிறமி உற்பத்தியையும் குறைக்கும். பருவோ அரிப்போ இருந்தா அந்த வீக்கத்தையும் தற்காலிகமா அமுக்கும். ஆக முகம் "பளிச்"னு ஆயிடும்.

இந்த வெளிறிப்போகும் குணத்தை அளந்துதான் ஒரு ஸ்டீராய்டு கிரீம் எவ்வளவு வீரியமானது என்றே மருத்துவத்தில் கண்டுபிடிக்கிறோம். மருந்தின் வீரியத்தைக் காட்டும் அந்த வெளுப்பை நம்ம ஊரில் அழகுன்னு எடுத்துக்கிட்டோம்.

7/
மாசக்கணக்கில் போகும்போது தோல் மெலியும். சுருங்கிய ரத்தக்குழாய்கள் தளர்ந்து விரியும். பரு, முடி வளர்ச்சி, வெயில் தாங்காமை எல்லாம் வரும். முகத்தில் படர்தாமரை வந்தாலும் அடையாளம் தெரியாதபடி உருமாறிப் பரவும்.

ஹைட்ரோகுவினோனை வருஷக்கணக்கில் போட்டால் சிலருக்குச் சாம்பலும் நீலமும் கலந்த கருமை படியும். வெளுக்கப் போட்ட மருந்தாலேயே கருத்துப் போவாங்க. அந்தக் கருமையை எடுப்பது எங்களுக்கும் பெரும்பாடு.

8/
சரி, நிறுத்திட வேண்டியதுதானேன்னு கேப்பீங்க.

திடீர்னு நிறுத்தினா ஒரு வாரம், பத்து நாளில் முகம் கொழுந்துவிட்டு எரியுற மாதிரி சிவக்கும், வீங்கும், பரு வெடிக்கும். மறுபடி கிரீம் போட்டா ரெண்டே நாளில் அடங்கிடும். உடனே என்ன தோணும்? "கிரீம் போட்டாத்தான் என் முகம் நல்லா இருக்கு. போடலன்னா கெட்டுப் போகுது." நோயைக் கொடுத்ததே மருந்தா தெரியும். இந்தச் சுழலுக்கு மருத்துவத்தில் பெயரே இருக்கு: ஸ்டீராய்டால் சேதமான முகம்.

9/
இதுவரைக்கும் தோல் பற்றிப் பேசினேன். ஆனா அந்தப் பெண் சொன்னதில் என்னை உலுக்கினது வேற.

"நல்லா இருக்கேன்னு சொன்னாங்கல்ல மேடம், அது என்னைச் சொன்னாங்களா கிரீமைச் சொன்னாங்களான்னு எனக்கே தெரியல. காலையில எழுந்ததும் கண்ணாடிதான். கருத்துட்டனான்னு பாப்பேன். ஒருநாள் கிரீமை மறந்துட்டு ஊருக்குப் போயிட்டேன். மூணு நாள் யார் முகத்தையும் நேராப் பாக்கல."

10/
வெளித்தோற்றம் மாறினா தன்னம்பிக்கை வரும்னு எல்லா விளம்பரமும் சொல்லுது. இவங்களுக்குப் பாராட்டு வந்தது, தன்னம்பிக்கை வரல.

காரணம் சுலபம். பாராட்டு எல்லாம் புது முகத்துக்குப் போய்ச் சேர்ந்துச்சு. பழைய முகம் இன்னும் பெரிய ரகசியம் ஆயிடுச்சு. முன்னாடி "நான் கருப்பு" என்பது ஒரு வருத்தம். இப்ப அது கண்டுபிடிச்சிடுவாங்களோங்குற பயம். தன்னை ஏத்துக்கிறதுக்கு இருந்த தூரம் குறையல, கூடிப்போச்சு.

11/
சிகிச்சை தொடங்கும்போது பழைய போட்டோ ஒண்ணு கேப்பேன். அசல் நிறம் என்ன, எதை நோக்கிப் போறோம்னு தெரியணுமே.

அவங்க போன் முழுக்கத் தேடினாங்க. ஆயிரக்கணக்கில் படம் இருக்கு. எல்லாமே ஃபில்டர் போட்டது. கிரீமுக்கு முந்தைய படங்களை அவங்களே அழிச்சிருந்தாங்க. வீட்டு ஆல்பத்திலும் தன் பக்கத்தைக் கிழிச்சு எடுத்துட்டாங்களாம்.

பழைய கலர் வேணும்னு வந்தவங்ககிட்ட அந்தப் பழைய கலருக்கு ஒரு சாட்சிகூட இல்லை.

12/
இங்கே ஒண்ணைத் தெளிவா சொல்லிடறேன். தோற்றத்தை மாத்திக்கிறதே தப்பு, கடவுள் கொடுத்தபடி இருன்னு உபதேசம் பண்ண நான் வரல. தோற்றத்தை மாற்றுவது என் தொழிலில் பாதி.

உதட்டுப் பிளவோட பிறந்த குழந்தைக்குச் சில மாசங்களிலேயே அறுவை சிகிச்சை செய்யறோம். தீக்காயத் தழும்பால் கழுத்தை நிமிர்த்த முடியாதவங்களுக்குச் சதையை விடுவிக்கிறோம். குழி விழுற பருவுக்கு மருந்து கொடுக்கிறோம். மார்பு பெருத்த பையன் சட்டையைக் கழற்ற வெட்கப்பட்டு நீச்சலே பழகாம இருக்கான், அவனுக்கும் சிகிச்சை உண்டு.

13/
திருநர்களுக்கான பாலின உறுதி அறுவை சிகிச்சை தமிழ்நாட்டு அரசு மருத்துவமனைகளில் இலவசமா நடக்குது. தேசத்திலேயே முதலாவதா 2008-ல் திருநங்கையர் நல வாரியம் அமைத்த மாநிலம் நம்முடையது. அந்த மாற்றத்துக்குப் பிறகு, "இப்பத்தான் நான் நானா இருக்கேன்"னு சொல்றவங்களை நான் பார்த்திருக்கேன். அது உண்மை.

அப்போ ஒருத்தருக்கு விடுதலை கொடுக்கிற மாற்றம் இன்னொருத்தருக்கு ஏன் சிறை ஆகுது?

14/
அமெரிக்காவில் மேக்ஸ்வெல் மால்ட்ஸ் என்று ஒரு பிளாஸ்டிக் சர்ஜன். முகத்தைத் திருத்திய பிறகு பலருக்கு வாழ்க்கையே மாறினதைப் பார்த்தார். ஆனா சிலர், அறுவை சிகிச்சை நல்லபடியா முடிந்தும், "எனக்கு ஒண்ணும் மாறின மாதிரி தெரியலையே" என்றார்கள். முகம் ஒண்ணு, தன்னைப் பற்றி மனசுக்குள்ள வச்சிருக்கிற படம் வேற ஒண்ணு என்று அவருக்குப் புரிந்தது. கத்தி அந்த உள்படத்தைத் தொடவில்லை. 1960-ல் இதைப் பற்றி அவர் எழுதிய புத்தகம் லட்சக்கணக்கில் விற்றது.

15/
அந்த உள்படம் ரொம்பவே கோணலாகிப் போற ஒரு நோயும் உண்டு. பாடி டிஸ்மார்ஃபிக் டிஸார்டர். மத்தவங்க கண்ணுக்கே தெரியாத ஒரு குறை, இவங்களுக்கு முகம் முழுக்கத் தெரியும். மணிக்கணக்கில் கண்ணாடி, இல்லைன்னா கண்ணாடியையே மூடி வைப்பது. பொதுமக்களில் ஏறத்தாழ 100-ல் 2 பேருக்கு இருக்கும்னு ஆய்வுகள் சொல்லுது. தோல், அழகு சிகிச்சை கிளினிக்குகளில் இன்னும் அதிகம்.

இவங்களுக்கு ஊசியோ லேசரோ சரிப்படாது, ஒரு குறையை முடிச்சா அடுத்தது முளைக்கும். மனநல மருத்துவம் நல்ல பலன் கொடுக்கும். கூச்சப்படாம போங்க.

16/
இத்தனை பேரைப் பார்த்ததில் நான் வந்து சேர்ந்த கருத்து இதுதான்.

ஒரு மாற்றம் நல்லதா கெட்டதான்னு தெரியணும்னா, அதுக்கு அப்புறம் நீங்க கண்ணாடியை மறந்தீங்களா, கண்ணாடியோடயே கட்டுண்டு கிடக்கறீங்களான்னு பாருங்க.

உதடு சரியான குழந்தை வளர்ந்து தன் உதட்டைப் பற்றி யோசிக்காம சிரிக்குது. தழும்பு சரியானவர் வேலைக்குப் போறார். சிகிச்சை முடிஞ்சது, வாழ்க்கை தொடங்குது. கிரீம் அப்படி இல்லை. அது முடியவே முடியாது. தினமும் ராத்திரி நீங்க போதாதுன்னு ஞாபகப்படுத்திக்கிட்டே இருக்கும்.

17/
அதனால் எதைத் தொடங்கும் முன்னும் ரெண்டு கேள்வி கேட்டுக்குங்க.

ஒண்ணு: இது எனக்கு ஒரு குறைன்னு முதல்ல சொன்னது யார்? உங்க உடம்பா, அத்தையா, விளம்பரமா?

ரெண்டு: இதை நான் நிறுத்தினா என்ன ஆகும்? "ஒண்ணும் ஆகாது"ன்னு பதில் வந்தா யோசிக்கலாம். "நிறுத்தவே முடியாது"ன்னா தொடங்காதீங்க.

18/
"ஏத்துக்கோன்னு சொல்றது ஈசி டாக்டர். வெள்ளையா இருந்தாத்தான் வரன் அமையுது, ரிசப்ஷன் வேலை கிடைக்குது"ன்னு யாராவது கமெண்டில் எழுதுவீங்க. நியாயமான கேள்வி. மறுக்க மாட்டேன்.

அந்தப் பெண் முட்டாள்தனமா எதையும் செய்யல. வெளுத்ததும் முன்வரிசை கிடைச்சது நிஜம். விலை வச்சது ஊர், அவங்க கொடுத்தாங்க. அதனாலதான் "உன்னை நீ நேசி"ன்னு அவங்களுக்கு மட்டும் புத்தி சொல்றது எனக்குச் சரியாப் படல. புத்தி சொல்ல வேண்டிய வரிசையில் நாம எல்லாரும் நிக்கிறோம்.

19/
முதல்ல நாங்க, மருத்துவர்கள். பக்கத்து வீட்டு அக்காவுக்கு அந்த கிரீமை எழுதினவர் "8 வாரம்தான், அப்புறம் நிறுத்தணும், யாருக்கும் கொடுக்காதீங்க"ன்னு சொல்லியிருந்தா? ஓ.பி. கூட்டத்தில் நானும் அதைச் சொல்லாம விட்ட நாட்கள் உண்டு. என் சீட்டும் எந்தெந்த போனில் சுத்துதோ தெரியாது. இப்ப சீட்டிலேயே நிறுத்த வேண்டிய தேதியைத் தமிழில் பெருசா எழுதறேன்.

20/
அடுத்து விற்பனை. 2018-ல் மத்திய அரசு 14 வகை ஸ்டீராய்டு தோல் மருந்துகளை மருத்துவர் சீட்டு இல்லாம விற்கக் கூடாதுன்னு அட்டவணை ஹெச் பட்டியலுக்குள் கொண்டு வந்தது. சட்டம் இருக்கு. ஆனா பேரைச் சொன்னா டியூப் கைக்கு வருது. மெடிக்கல் வச்சிருக்கிற அண்ணன்களே, முகத்துக்குன்னு கேட்டா ஒரு நிமிஷம் நிறுத்தி ஒரு வார்த்தை சொல்லுங்க.

21/
அதைவிட மோசம், பேரே இல்லாம ஆன்லைனிலும் பார்லரிலும் விக்கிற வெளுப்பு கிரீம்கள். அதில் பாதரசம் இருக்கலாம். உலக நாடுகளின் மினமாட்டா ஒப்பந்தம் இவ்வகை அழகுப் பொருட்களில் பாதரசத்தைத் தடை செய்திருக்கு.

பக்கத்திலேயே கேரளா, மலப்புரம் மாவட்டத்தில் நடந்த ஒரு ஆய்வு: சிறுநீரில் புரதம் ஒழுகும் ஒரு வகைச் சிறுநீரக நோயோட வந்த 22 பேரில் 15 பேருக்கு ஒரு குறிப்பிட்ட அபூர்வ வகை இருந்தது. அந்த 15-ல் 13 பேர் வெளுப்பு கிரீம் போட்டவங்க. முகத்தில் தடவினது சிறுநீரகத்தில் போய் நிக்குது.

22/
பெரிய கம்பெனிகளும் நேரம் பார்த்து மாறியிருக்காங்க. 1975-ல் இந்தியாவில் அறிமுகமான ஃபேர் & லவ்லி, 2020-ல் பெயரில் இருந்த "ஃபேர்" என்ற சொல்லை எடுத்து க்ளோ & லவ்லி ஆனது. பெயர் மாறினது நல்லதுதான். ஆனா 45 வருஷம் நம்ம வீட்டுக் கூடத்தில் ஓடின விளம்பரம் மனசுக்குள்ள எழுதின பேரை அவ்வளவு சீக்கிரம் மாத்த முடியாது.

23/
கடைசியா குடும்பம். பிரசவ வார்டில் குழந்தை அழுத சத்தம் அடங்கும் முன்னாடி வர்ற கேள்வி: "என்ன குழந்தை?" அடுத்தது: "கலர் எப்படி?" குங்குமப்பூ பாலில் தொடங்கி, "கருப்பா இருந்தாலும் களையா இருக்கா"ங்குற வரைக்கும். அந்த "இருந்தாலும்" இருக்கே, அது ஒரு டியூப் கிரீமுக்குச் சமம்.

பையன்களும் தப்பல. "கருவாயா"ன்னு செல்லமா கூப்பிட்ட நண்பன் மறந்திருப்பான். 30 வயசில் அதே கிரீமோட என் முன்னாடி உட்காருறவர் மறக்கல.

24/
இப்ப கொஞ்சம் அறிவியல். உலகத்தில் ரொம்ப வெள்ளையானவருக்கும் ரொம்பக் கருப்பானவருக்கும் நிறமி செல்களின் எண்ணிக்கை ஏறத்தாழ ஒண்ணுதான். அந்த செல்கள் உற்பத்தி செய்யும் மெலனின் பொட்டலங்களின் அளவும் பரவலும்தான் வேறு. அந்த மெலனின் புற ஊதாக் கதிரை வாங்கிக்கிட்டு உள்ளே இருக்கிற டி.என்.ஏ.வைக் காப்பாத்துது. நம்ம வெயிலுக்கு நம்ம உடம்பே தச்சுப் போட்ட சட்டை.

உங்க மேல்கையின் உட்பக்கத்தைப் பாருங்க. வெயில் படாத அந்த நிறம்தான் உங்க அசல் நிறம். அதுக்கு மேல உங்களைப் பாதுகாப்பா வெளுக்க வைக்கிற கிரீம் எதுவும் என்கிட்ட இல்லை. இருக்குன்னு சொல்றவங்களை நம்பாதீங்க.

25/
ஏற்கனவே போட்டுக்கிட்டு இருக்கிறவங்களுக்கு:

– டியூபைத் திருப்பிப் படிங்க. பீட்டாமெத்தசோன், குளோபெட்டசால், மொமெட்டாசோன், ஃபுளூசினோலோன் என்று இருந்தா அது ஸ்டீராய்டு.
– பயந்து போய் நீங்களா ஏதாவது செய்யாதீங்க. டியூபை எடுத்துக்கிட்டே தோல் மருத்துவரிடம் போங்க. உடனே நிறுத்தணுமா, படிப்படியா குறைக்கணுமான்னு அவர் சொல்வார்.
– நிறுத்தின பிறகு சில வாரம் மோசமா தெரியும். அது உங்க அசல் முகம் இல்லை, மருந்து விலகும் வேதனை. தாண்டிடலாம்.
– மாசக்கணக்கில் ஆகும். பெரும்பாலும் நல்லா தேறும். சிலருக்குச் சில தடயங்கள் மிஞ்சும், அதுக்கும் வழி உண்டு.
– வெளுப்பு ஊசி வேண்டவே வேண்டாம்.

26/
அந்தப் பெண் என்ன ஆனாங்க?

முதல் மாசம் ரொம்பக் கஷ்டம். ரெண்டு தடவை அழுதுக்கிட்டே போன் பண்ணினாங்க, ஒருதடவை திரும்பக் கிரீம் போட்டுட்டு வந்து தலைகுனிஞ்சு நின்னாங்க. திட்டல. மறுபடி தொடங்கினோம்.

மூணாவது மாசம் அவங்க அம்மா ஒரு பழைய பிளாஸ்டிக் கவரில் இருந்து ஒரு தாளை எடுத்து மேசையில் வச்சாங்க. பிளஸ் டூ ஹால் டிக்கெட். "போட்டோ கேட்டீங்களே மேடம், இது ஒண்ணுதான் இவ கைக்குச் சிக்காம பீரோவுல இருந்துச்சு."

27/
எண்ணெய் தேய்ச்ச ரெட்டைச் சடை, ஸ்கூல் யூனிஃபார்ம், 17 வயசு முகம். அந்தப் பெண் ரொம்ப நேரம் அதையே பார்த்துக்கிட்டு இருந்தாங்க. அப்புறம் மெதுவா, யாரோ வேற ஒரு பொண்ணைப் பத்திச் சொல்ற மாதிரி சொன்னாங்க:

"நல்லாத்தானேம்மா இருந்திருக்கேன். அப்ப ஏன் யாரும் சொல்லல?"

அம்மாவால பதில் சொல்ல முடியல. எனக்கும் பதில் இல்லை.

28/
இன்னும் சிகிச்சை முடியல. கன்னத்தில் சிவப்புக் கோடுகள் சில மிச்சம் இருக்கு. ஆனா போன வாரம் மாஸ்க் இல்லாம வந்தாங்க, கடையில் இருந்து நேரா. கண்ணாடி பாக்கறீங்களான்னு கேட்டேன். "பொட்டு வைக்க மட்டும் மேடம்"னாங்க.

உங்க வீட்டிலும் 17 வயசில் ஒரு முகம் இருக்கும். கல்யாண போட்டோவில் ஓரமா நிக்கும். இன்னைக்கே கூப்பிட்டு, எந்த "இருந்தாலும்"மும் சேர்க்காம, நல்லா இருக்கேன்னு சொல்லிடுங்க. எங்க ஓ.பி.யில் ஒரு ஆள் குறைஞ்சா எனக்கு ரொம்பச் சந்தோஷம்.

இழையை முடிக்கிறேன். கைப்பையில் டியூப் வச்சிருக்கிற யாரையாவது உங்களுக்குத் தெரிஞ்சா, திட்டாம இதை அனுப்பி வைங்க.